சுவருக்குள் ஒரு நடை

பிப்ரவரி 4

என் படத்துக்காக, பழைய மினிடிவி (MiniDV) வீடியோ டேப்பில் அப்பா வரும் பகுதியைக் கணினியில் ஏற்றி முடித்தேன். மொத்தம் 40 விநாடி. நீண்ட நடைவழியின் அந்தக் கோடியிலிருந்து கேமராவை நோக்கி வருகிறார். பாதியில் நின்று சட்டைப்பையைத் தொட்டுப் பார்க்கிறார். மறுபடி நடக்கிறார். அவர் அசைவதாக எங்களிடம் இருப்பது இது ஒன்றுதான்.

ஏஐ வைத்துத் துடைத்து 4கே ஆக்கித் தருகிறேன் என்றான் நண்பன். வேண்டாம் என்றுவிட்டேன். மென்பொருள் ஊகித்து வரையும் கண் அப்பாவின் கண் ஆகாது. 2000-இல் பிரெஞ்சு இயக்குநர் அக்னெஸ் வர்தா கையடக்க டிஜிட்டல் கேமராவில் தன் முதிர்ந்த கையைத் தானே படம் எடுத்தார். அந்த நெருக்கம் எனக்குப் போதும்.

பிப்ரவரி 7

டேட்டாமோஷிங்கில், அதாவது வீடியோ ஃபைலின் சில ஃபிரேம்களை வேண்டுமென்றே நீக்கிப் படத்தைக் கலைக்கும் உத்தியில், இரண்டு நாள் வீண். மினிடிவியில் ஒவ்வொரு ஃபிரேமும் தனித்தனியே சுருக்கப்படுகிறது. ஒன்றை எடுத்தால் அடுத்தது கலைவதில்லை. முதலில் எம்பெக்-4 என்ற சுருக்க முறைக்கு மாற்ற வேண்டும். அதில் ஐ-ஃபிரேம் மட்டுமே முழுப் படம். பின்னால் வரும் பி-ஃபிரேம்களில் (P) பெரும்பாலும் குறிப்புகள்தான்: இந்தக் கட்டம் இவ்வளவு தள்ளிப் போனது, இவ்வளவு மாறியது. 720x576 படத்தில் 16x16 கட்டங்கள் 1,620. ஷாட் மாறும் இடத்தில் ஐ-ஃபிரேமைப் பிடுங்கிவிட்டால், புது ஷாட்டின் அசைவு பழைய ஷாட்டின் நிறங்களை இழுத்துக்கொண்டு போகும்.

எஃப்எஃப்எம்பெக் (FFmpeg) என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் கீஃபிரேம், அதாவது ஐ-ஃபிரேம், இடைவெளியைக் கூட்டிய பிறகும் நடுவில் ஐ-ஃபிரேம்கள் முளைத்தன. காட்சி மாறிவிட்டதாக நினைத்து, சுருக்கும் நிரலான என்கோடரே போட்டுக்கொள்கிறது. அந்தக் கண்டறிதலை அணைத்ததும் சரியாகிவிட்டது.

பிப்ரவரி 8

மூன்று மணி நேரம் அப்பாவின் முகத்தைக் கலைத்துப் பார்த்தேன். அழகாக வந்தது. யார் முகத்தைக் கொடுத்திருந்தாலும் அதே அழகு வந்திருக்கும். எல்லாவற்றையும் அழித்தேன்.

பிப்ரவரி 13

வெறும் சுவர் ஒன்றை முக்காலி வைத்துப் பத்து விநாடி எடுத்தேன். குறுக்கே ஒரு விரிசல், அங்கங்கே பெயின்ட் உரிந்த திட்டு. இதை முன்னால் வைத்து, ஐ-ஃபிரேம் நீக்கிய அப்பாவின் ஷாட்டைப் பின்னால் ஒட்டினேன்.

முதலில் ஒன்றுமில்லை. அப்புறம் திரையின் நடுவில் நாலைந்து கட்டங்கள் துடித்தன. விரிசல் இடமும் வலமுமாக ஆடத் தொடங்கி, மெல்லப் பெரிதாகி என்னை நோக்கி வந்தது. ஓரிடத்தில் சுவர் நின்றது. உரிந்த பெயின்ட் ஒரு கை அளவுக்கு மேலே ஏறி இறங்கியது. சட்டைப்பை! கடைசி விநாடிகளில் சட்டையின் நீலம் கட்டம் கட்டமாகக் கசிந்தது.

எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து மறுபடி போட்டேன்.

பிப்ரவரி 15

அம்மாவை உட்கார வைத்தேன். என்ன படம் என்று சொல்லவில்லை. சுவர் ஆடத் தொடங்கிக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு திரைக்கு அருகில் குனிந்தார்.

“அப்பாதானேடா? வலது காலை இழுத்து வைக்கிறார் பாரு.”

அவர் காலை இழுத்து நடப்பார் என்பதே எனக்குத் தெரியாது. டேப்பை எத்தனை தடவை பார்த்திருப்பேன், முகத்தை மட்டுமே பார்த்திருக்கிறேன். அசல் ஷாட்டை ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்தினேன். உண்மைதான், வலது பாதம் அரைக்கணம் பிந்துகிறது.

முகம் தெரியும் ஷாட்டைப் படத்திலிருந்து எடுத்துவிட்டேன். சுவர் மட்டும் இருக்கும்.

பிப்ரவரி 21

திரையிடலுக்கான சோதனைப் பிரதி வந்தது. பெரிதாக்கும்போது கட்டங்களின் விளிம்பை மழுக்கிவிட்டார்கள், நடை மங்கிவிட்டது. 576 வரியை 1080 ஆக்கினால் 1.875 மடங்கு, முழு எண் இல்லாததால் வரிகள் ஒன்றோடொன்று கலக்கின்றன. 4கே சட்டத்துக்குள் சரியாக மூன்று மடங்கு, 1,728 வரி, மழுக்காமல் வேண்டும் என்று எழுதி அனுப்பினேன். நாலு பக்கமும் கறுப்பு ஓரம் விழும். விழட்டும்.

அம்மா அந்த ஃபைலைத் தன் போனில் போட்டுத் தரச் சொல்லியிருக்கிறார்.