குதிரைக் கணக்கு: எலினோர் சீமாட்டியின் நாட்குறிப்பு, 1265

பிப்ரவரி 25, ஓடியம் கோட்டை

தவக்காலம். ஹெர்ரிங் மீன் சில நாள் ஆயிரத்தை எட்டுகிறது. அப்பா ஜான் ராஜா கட்டிய இந்த எட்டுப்பட்டைக் கோபுரம் உச்சிவரை கருவாட்டு வாடை. மகளின் ஜெபப் புத்தகத்துக்குத் தோல் 10 ஷில்லிங், எழுத்துக்கூலி 14. கணக்கர் முகம் சுளித்தார். சுளிக்கட்டும்.

மார்ச் 17

மூத்த மகன் ஹென்றி வந்தான், காவலோடு எட்வர்டும். எங்கள் கைதியானாலும், ராஜாவான என் அண்ணனின் மகன் இல்லையா? "அத்தை" என்று குனிந்தான். அவ்வளவு பணிவு எனக்குப் பிடிக்கவில்லை.

மார்ச் 20

என் கணவர் சைமன் நேற்று வந்தார். லாயத்தில் 300 குதிரைகளுக்கு மேல். ஓட்ஸ் எங்கிருந்து வரும் என்று கணக்கர் கேட்கிறார். நான் எண்ணிக்கையை இன்னொரு முறை வாசிக்கச் சொன்னேன்.

ஏப்ரல் 2

போய்விட்டார். லாயம் காலி.

ஜூன் 1

ஹெரெஃபோர்டில் எட்வர்ட் தப்பிவிட்டான். சோதித்துப் பார்க்கிறேன் என்று ஒவ்வொரு குதிரையாக ஏறிக் களைக்க விட்டு, களைக்காத ஒன்றில் பறந்துவிட்டானாம். தினமும் குதிரையை எண்ணியவள், இதை எண்ணவில்லை. இன்றிரவே புறப்படுகிறோம். மகளிடம் புத்தகத்தை மட்டும் எடுத்துக்கொள்ளச் சொன்னேன்.

ஜூன் 13, வின்செல்சி

ஊர்ப் பெரியவர்களுக்கு விருந்து. கப்பல் அவர்களுடையது, சிரிப்பு என்னுடையது.

ஜூன் 15

டோவர்.

ஜூலை 9

தூக்கமில்லை. பதினாறு வயதில் விதவையாகி, இனி மணமில்லை என்று மோதிரம் அணிந்து சத்தியம் செய்தேன். அதை மீறித்தான் இவரை மணந்தேன். இருபத்தேழு ஆண்டுகள். கடன் கொடுத்தவர்கள்கூட இவ்வளவு காலம் பொறுப்பதில்லை. மேற்கிலிருந்து கடிதம் இல்லை.

ஆகஸ்ட் 4

காற்று மாறியது. மீன் மலிவு.

ஆகஸ்ட் 14

ஈவ்ஷாமில் போர். அவர் இல்லை. ஹென்றி இல்லை. இன்னொரு மகன் கய் காயத்தோடு பிடிபட்டான்.

ஆகஸ்ட் 17

எங்கள் படையோடு கைதியாக இருந்த அண்ணன் பிழைத்துக்கொண்டார். அவருடைய ஆட்களே அடையாளம் தெரியாமல் வெட்ட வந்தார்களாம். நான்தான் உங்கள் ராஜா என்று கத்தியிருக்கிறார். சந்தோஷப்பட வேண்டுமா?

என் கணவரின் தலையை விக்மோர் கோட்டைக்கு அனுப்பினார்களாம், எதிரி மார்ட்டிமரின் மனைவிக்கு. எட்வர்ட் தப்பி ஓடிப் புகுந்ததும் அங்கேதான். அவளும் மாலையில் கணக்கு கேட்பவள்தானே. வந்ததை எந்தத் தலைப்பில் எழுதச் சொன்னாளோ.

ஆகஸ்ட் 29

கறுப்புத் துணி வந்தது. மகளுக்கு நீளம் போதவில்லை. கையை நீட்டினால் மணிக்கட்டு தெரிகிறது. கணக்கர் லாயக் கணக்கோடு வாசலில் நின்றார். நாளைக்கு வாருங்கள் என்றேன்.