நூற்றுக்கு 2, நூற்றுக்கு 13

ஆணுறை பாவித்தும் பிள்ளை தங்கிவிட்டது என்ற பேச்சு எங்கள் பக்கத்தில் அவ்வப்போது காதில் விழும்; சொல்பவர்கள் பெரும்பாலும் உறையின்மீது பழியைப் போட்டுவிட்டு அடுத்த கதைக்குப் போய்விடுவார்கள். நூறு சோடிகள் ஓராண்டு முழுவதும், ஒவ்வொரு முறையும், தொடக்கம் முதல் முடிவுவரை சரியாக ஆணுறை அணிந்தால், அவர்களுள் ஏறத்தாழ 2 பெண்களே கருத்தரிப்பார்கள். அதே நூறு சோடிகள் மறந்தும், அவசரப்பட்டும், 'இன்றைக்கு மட்டும்' என்று விட்டும் பாவித்தால் அது ஏறத்தாழ 13 ஆகிவிடும். எந்தத் தடுப்பும் இல்லாவிட்டால் 85. இரண்டுக்கும் பதின்மூன்றுக்கும் நடுவிலுள்ள அந்தப் பதினொன்றைப் பாவிப்பவர் கணக்கில்தான் எழுத வேண்டும் என்பது என் எண்ணம்.

ஏனெனில், தொழிற்சாலையில் ஒவ்வோர் உறையும் துளை இருக்கிறதா என்று மின்முறையில் சோதிக்கப்படுகிறது. அதற்கு மேலாக மாதிரிகளை எடுத்து, நீர் நிரப்பிக் கசிவு பார்க்கிறார்கள். காற்றடித்து வெடிக்கவும் வைக்கிறார்கள். வழமையான அளவுள்ள உறை குறைந்தது 18 லீற்றர் காற்றைத் தாங்க வேண்டும் என்பது சர்வதேசத் தர விதி.

அவ்வளவு வலுவான பொருள் வட இலங்கையிலுள்ள எங்கள் வன்னிக்கு வந்ததும் படும் பாடுதான் கவலைக்குரியது. ஊர் மருந்துக்கடைக்காரர் அப்பாவின் சிநேகிதராகவோ சித்தப்பா முறையானவராகவோ இருப்பார் என்பதால், வவுனியா நகருக்குப் போகும்போது மொத்தமாக வாங்கி வருபவர்கள் பலர். வாங்கியதை வீட்டுத்திட்டத்து இரண்டறை வீட்டில் மாமி கண்ணில் படாமல் எங்கே வைப்பது? பணப்பையிலும், மோட்டார் சைக்கிள் இருக்கையின் அடியிலும், தகரக் கூரையின் இடுக்கிலும் அவை மாதக்கணக்கில் கிடக்கின்றன. ஆடி மாத வெயிலில் ஏ9 வீதியோரம் நிறுத்திய வண்டியின் இருக்கையைத் தொட்டுப் பார்த்தவர்களுக்கு உள்ளே எவ்வளவு சூடேறும் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை. சூடும் உரசலும் இறப்பரைத் தளர்த்திவிடும். காலாவதித் திகதி தாண்டாத உறைகூட அப்படிக் கிடந்தால் கிழியலாம். அலுமாரியில் சேலை மடிப்புக்குள் வைப்பது எவ்வளவோ மேல்.

அடுத்த எதிரி தேங்காய் எண்ணெய். வறட்சியாக இருக்கிறதென்று கைக்கெட்டும் போத்தலை எடுப்பது இயல்புதான். ஆனால் தேங்காய் எண்ணெய், வஸ்லின், குழந்தைகளுக்குப் பூசும் எண்ணெய் ஆகிய எல்லாமே இறப்பர் பாலில் செய்த உறையைச் சில நிமிடங்களிலேயே பலவீனப்படுத்துபவை. மருந்துக்கடைகளில் கிடைக்கும், நீரை அல்லது சிலிக்கனை அடிப்படையாகக் கொண்ட வழுக்கு ஜெல்லே இதற்குப் பொருந்தும்.

மற்றப் பிழைகள் உலகெங்கும் ஒன்றுதான். பாதியில் அணிவது, நுனியில் காற்றை அடைத்துவிடுவது, மறுபக்கமாக விரிக்கத் தொடங்கிய உறையையே திருப்பிப் போடுவது, பல்லால் பொதியைக் கிழிப்பது, முடிந்ததும் அடி விளிம்பைப் பிடிக்காமல் விலகுவது. இரண்டு போட்டால் இரட்டிப்புப் பாதுகாப்பு என்று நினைப்பவர்களும் இருக்கிறார்கள். ஒன்றோடொன்று உரசி இரண்டும் கிழியும் வாய்ப்பே அதில் அதிகம்.

நோய்த் தடுப்பின் கணக்கு வேறு. எப்போதும் அணிபவர்களிடையே எச்.ஐ.வி. தொற்று சுமார் 80 வீதம் குறைவு. ஹெர்பீஸ் போன்று தோல் உரசலால் பரவுபவற்றில், உறை மூடாத இடம் திறந்தே கிடப்பதால் பாதுகாப்பு இதைவிடக் குறைவு. பிள்ளை வேண்டாம் என்பதில் உறுதியாக இருப்பவர்கள் லூப் (கருப்பைக்குள் வைக்கும் கருத்தடைச் சாதனம்), ஊசி, மாத்திரை ஆகியவற்றுள் ஒன்றை ஆணுறையோடு சேர்த்துப் பாவிப்பதையே நான் விரும்புகிறேன். ஏனெனில், தாயின் உயிரைக் காப்பதற்கு மட்டுமே கருக்கலைப்பை அனுமதிக்கும் 1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவைதான் இந்நாட்டில் இன்னும் நடப்பிலிருக்கிறது.

கிழிந்துவிட்டால் நேரமே முக்கியம். அவசர கருத்தடை மாத்திரையை 72 மணித்தியாலத்துக்குள், முந்துமளவுக்கு முந்தி எடுக்க வேண்டும்; அது தவறினாலும் ஐந்து நாட்களுக்குள் செப்பு லூப் போட வழியுண்டு. எச்.ஐ.வி. பயமிருந்தால் அதற்கான தடுப்பு மருந்தையும் 72 மணித்தியாலத்துக்குள் தொடங்க வேண்டும் என்பதால், அன்றே வைத்தியசாலைக்குப் போவது நல்லது. "மிஸ், கிழிஞ்சு போச்சு" என்று குடும்பநல உத்தியோகத்தரிடம் சொல்ல எவரும் கூசத் தேவையில்லை. இதைக் கேட்பது அவருடைய அன்றாட வேலையில் ஒரு பகுதி.