கொசுவர்த்தியில் ஆர்க்கிமிடீசின் சுருள்

பினாங்கு ஆயர் ஈத்தாமில் உள்ள எங்கள் அடுக்குமாடி வீட்டில் மாலைதோறும் கொசுவர்த்தி ஏற்றுவது வழக்கம். ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கும் இரு சுருள்களை ஒடியாமல் பிரிப்பது, படிவம் நான்கில் படிக்கும் என் மகளின் வேலை. "வளையங்களுக்கு நடுவே இடைவெளி எங்கும் ஒரே அளவாக இருக்கிறதே, அம்மா?" என்று நேற்று கேட்டாள்.

அந்த மாறாத இடைவெளிதான் இவ்வளைகோட்டின் உயிர். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் சிராக்கூசில் வாழ்ந்த ஆர்க்கிமிடீஸ் இதை வரையறுத்த விதம் அழகானது: ஒரு முனை நிலைத்திருக்க, ஒரு கோடு சீரான வேகத்தில் சுழல்கிறது, அதே வேளையில் அம்முனையிலிருந்து ஒரு புள்ளி அக்கோட்டின் மீது சீரான வேகத்தில் வெளிநோக்கி நகர்கிறது, அப்புள்ளி செல்லும் தடமே சுருள்.

அளவுகோலும் கவராயமும் மட்டும் கொண்டு எல்லாக் கோணங்களையும் மூன்று சம பாகங்களாகப் பிரிக்க இயலாது என்று 1837இல் பிரெஞ்சுக் கணிதவியலாளர் வான்ட்செல் நிறுவினார். வரைந்த சுருள் ஒன்று கையில் இருந்தால் அது எளிது. தொடக்கக் கோட்டிலிருந்து அளந்த கோணத்தின் மறுகை சுருளை வெட்டும் புள்ளிக்கு மையத்திலிருந்து உள்ள தொலைவை மூன்றாகப் பகுத்து, ஒரு பங்கை ஆரமாகக் கொண்டு வில் வரைந்தால், அது சுருளை வெட்டும் இடத்தில் மூன்றிலொரு பங்குக் கோணம் கிடைத்துவிடும்.

எனக்கு இதைவிடவும் வியப்பளிப்பது பரப்பு. முதற்சுற்று அடைக்கும் பரப்பு, அச்சுற்றின் முடிவுப் புள்ளி வழியே மையத்தைச் சுற்றி வரையும் வட்டத்தின் பரப்பில் சரியாக மூன்றில் ஒன்று என்பதை, நுண்கணிதம் பிறப்பதற்கு 1,800 ஆண்டுகளுக்கும் முன்பே அவர் நிறுவிவிட்டார். ஆறு சென்டிமீட்டர் ஆரத்தில் வரைபடத்தாளில் வரைந்து, மகளும் நானும் கட்டங்களை எண்ணினோம். ஏறத்தாழ 38 சதுர சென்டிமீட்டர் வந்தது.