சேந்துரும்மா

தேர்தல் ஆணையத்தைப் பற்றிய எங்கள் ஆவணப்படத்தில் ஓய்வுபெற்ற அதிகாரிகள், வழக்கறிஞர்கள் என்று விவரம் தெரிந்தவர்கள் நிறையப் பேர் பேசுகிறார்கள். எடிட்டிங்கில் நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பதோ, 2024 ஏப்ரல் 19 அன்று வாக்குச்சாவடி வாசலில் ஓர் அம்மாவுக்கு நான் சொன்ன பதிலைத்தான்.

அவர் ஓட்டை யாரோ முன்பே போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். பூத் ஏஜெண்ட் யாராவது 2 ரூபாய் கட்டி அப்போதே ஆட்சேபித்திருக்கலாம். யாரும் வாய் திறக்கவில்லை. வாக்குச்சாவடித் தலைமை அலுவலர் விதிப்படிதான் நடந்தார். கேள்வி கேட்டு, ஆள் இவர்தான் என்று தெரிந்ததும் 49பி விதியில் காகித வாக்குச்சீட்டு கொடுத்தார். இதற்குப் பெயர் டெண்டர் ஓட்டு. சினிமா புண்ணியத்தில் 49பி இன்று பலருக்கும் தெரியும். ஆனால் அந்தச் சீட்டு தனி உறைக்குள் போய்விடும். எண்ணும் நாளில் கணக்கில் வராது. வழக்கு நடந்து, நீதிமன்றம் கேட்டால்தான் அதற்கு மதிப்பு. 2008இல் ராஜஸ்தானின் நாத்துவாராவில் காங்கிரஸ் வேட்பாளர் சி.பி. ஜோஷி ஒரே ஓட்டில் தோற்றபோது, டெண்டர் ஓட்டு விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை போனது. அந்த மாதிரி இழுபறி எத்தனை தொகுதியில் வரும்?

வெளியே வந்தவர் என்னிடம், "மெஷின்ல சத்தமே வரலியே தம்பி, என் ஓட்டு சேந்துருமில்ல?" என்றார்.

"சேந்துரும்மா" என்றேன்.

பொய் என்று எனக்கு இப்போதும் தோன்றவில்லை. சீட்டு உறையில் இருக்கிறது, படிவத்தில் அவர் கையெழுத்து இருக்கிறது. அந்த வெயிலில் நிற்க வைத்துச் சட்டமா நடத்துவது? உண்மையைச் சொல்லியிருந்தால் உள்ளே போய்ச் சண்டை போட்டிருப்பார். எனக்கு நல்ல காட்சி கிடைத்திருக்கும், அலுவலரால் எதுவும் செய்திருக்க முடியாது.

ஆனால் முந்தின வாரம்தான் ஓர் அதிகாரியை "மழுப்பாமல் சொல்லுங்கள் சார்" என்று கேமரா முன் மடக்கியிருந்தேன். கோபப்பட எல்லா நியாயமும் உள்ள ஒருவரைச் சமாதானப்படுத்தி வீட்டுக்கு அனுப்பும் வேலையை அரசாங்கம் செய்தால் அதற்கு நான் வேறு பெயர் வைத்திருப்பேன்.

எடிட்டர் என் குரலை எடுத்துவிடலாம் என்கிறார். கேள்வியோடு வெட்டினால் நச்சென்று இருக்குமாம். இருக்கும்தான். அப்புறம் அவருக்கு யாருமே பதில் சொல்லவில்லை என்று ஆகிவிடும். குரல் இருந்தால், படம் ஊருக்குள் வரும்போது தன் ஓட்டு எண்ணப்படவில்லை என்பதை அவர் திரையில் பார்த்துத் தெரிந்துகொள்வார். அதற்கு முன் நேரில் போய்ச் சொல்லிவிடலாம். சொன்னால் அடுத்த தேர்தலில் வரிசைக்கு வருவாரா என்று யோசிக்கிறேன். அதை யோசித்து முடிவெடுக்க நான் யார் என்றும் தோன்றுகிறது. இப்போதைக்குக் குரலை எடுக்கவில்லை.