பெரியம்மாவும் கேமர் தான்

நோக்கியால 1997லயே பாம்பு கேம் வந்துருச்சுதான், ஆனா எல்லாரையும் கேம் ஆட உள்ள இழுத்தது டச் ஸ்கிரீன்னு அடிச்சு சொல்வேன். 2012ல கேண்டி க்ரஷ் போனுக்கு வந்துச்சு, ஃப்ரீ, ஒரு விரல் போதும், பஸ் வர்றதுக்குள்ள ஒரு லெவல் முடிஞ்சிரும், எந்த பட்டனுக்கு என்னன்னு மனப்பாடம் பண்ண வேணாம். அப்புறம் 2016ல ஜியோ வந்து டேட்டா விலை சரிஞ்சுது, அதே வருஷம் லூடோ கிங்கும் வந்துச்சு, அதுவும் நம்ம நாட்டு கம்பெனி பண்ணது! 2020 லாக்டவுன்ல எங்க பெரியம்மா, சித்தி, அத்தைன்னு ஆளுக்கொரு ஊர்ல உக்காந்து ராத்திரி வரைக்கும் அதுதான், "ஐயோ என் காயை வெட்டிட்டா"ன்னு ஒரே சத்தம். இவங்களயும் கேமர்னு தான் சொல்லணும், வெறும் டைம்பாஸ்னு ஒதுக்கறவங்க மேல எனக்கு நெஜமாவே கோவம் வருது.