வாயசைக்காத பாத்திரங்களுக்கு வசனம்

குறும் அனிமேஷனுக்கு எழுதுகிறவர் கதைக்கு முன்னால் கணக்குப் போட வேண்டும். பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் நொடிக்கு 25 ஃபிரேம், அதாவது 25 தனித்தனிப் படம். பத்து நிமிடப் படத்துக்கு 15,000. பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படமெடுக்கிற முறையில், ஒவ்வொரு அசைவையும் இரண்டு ஃபிரேம் எடுத்தாலும் 7,500 முறை நகர்த்தியாக வேண்டும். "கூட்டம் ஆரவாரித்தது" என்று எழுத இரண்டே சொல் போதும். எடுப்பவருக்கு ஒரு வாரம் போய்விடும்.

இந்தக் கணக்கை விரல் நுனியில் வைத்திருந்தவர், பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்குக் குழந்தைகள் தொடர்களை உருவாக்கிய ஆலிவர் போஸ்ட்கேட் (1925–2008). எழுதுவது, கேமராவில் எடுப்பது, கதை சொல்வது எல்லாம் அவர். வரைவதும் பொம்மை செய்வதும் பீட்டர் ஃபர்மின். கேன்டர்பரி பக்கம் ஃபர்மின் வீட்டிலிருந்த பழைய மாட்டுக்கொட்டகைதான் இவர்களுடைய 'ஸ்மால்ஃபிலிம்ஸ்' ஸ்டூடியோ.

வாயசைவில்தான் நேரமும் பணமும் கரையும். குரலை முன்பே பதிந்து, ஒலி ஒலியாகப் பிரித்து, அதற்கேற்ப வாயை மாற்றிக்கொண்டே போக வேண்டும். ஓரிரு ஃபிரேம் தவறினாலும் டப்பிங் படம் போலத் தெரியும். 1959இல் வந்த இவர்களுடைய 'ஐவர் தி எஞ்ஜின்' தொடர் இந்தத் தொல்லையைப் பெரும்பாலும் கதைசொல்லியின் குரலால் தாண்டியது. அட்டையில் வெட்டிய ரயில் எஞ்சின். அதன் புகைச் சத்தம்கூட போஸ்ட்கேட்டின் வாயிலிருந்து வந்ததுதான்.

1969இல் தொடங்கிய 'கிளாங்கர்ஸ்' இன்னும் ஒரு படி மேலே. நிலவு போன்ற ஒரு சிறு கோளில் வாழும் பின்னல் பொம்மைகள் விசில் மொழியில் பேசும். வசனமே வேண்டாமே என்று தோன்றும். ஆனால் போஸ்ட்கேட் முழு வசனத்தையும் ஆங்கிலத்தில் எழுதி, அதன் ஏற்ற இறக்கத்தை ஊதுகுழலில் வாசிக்க வைத்தார். எழுதாமல் ஊதினால் எல்லா விசிலும் ஒரே மாதிரி இருக்கும்; கோபமும் கெஞ்சலும் வாக்கியத்தின் நீளத்திலும் நிறுத்தத்திலும்தான் இருக்கின்றன. சிக்கிக்கொண்ட கதவைப் பார்த்து ஒரு பாத்திரம் திட்டுகிற வசனத்துக்கு பிபிசி ஆட்சேபம் தெரிவித்தது. வெறும் விசில்தான், ஆனாலும் ஜனங்களுக்குப் புரிந்துவிடுமாம்! எழுத்தாளருக்கு இதைவிட நல்ல விமர்சனம் கிடைக்காது.

எனக்கு அவருடைய கட்டமைப்பில் பிடித்தது 1974இல் வந்த 'பேக்பஸ்'. மொத்தம் 13 பகுதிகள்தான். ஒவ்வொன்றும் அதே பழுப்புப் புகைப்படங்களோடு தொடங்கும். எமிலி என்ற சிறுமி ஒரு பழைய பொருளைக் கொண்டுவந்து வைப்பாள். துணிப்பூனை பேக்பஸ் விழிக்கும். கடைசியில் மறுபடி தூங்கும். தொடக்கத்தைப் புதிதாக எடுக்க வேண்டியதில்லை, குழந்தைகளுக்கோ அதுவே சடங்கு. நடுவில் என்ன பொருள், அதைப் பற்றி யார் என்ன நினைக்கிறார்கள் என்பது மட்டும் புதிது. பூனை பெரும்பாலும் உட்கார்ந்தே இருக்கும். அது நினைப்பது தலைக்கு மேல் படமாக விரியும். நகர்த்தச் சிரமமான பொம்மையைச் சும்மா உட்காரவைத்து, எளிதான அட்டைப் படங்களிடம் கதையை ஒப்படைக்கிற தந்திரம் இது.

இப்படி எழுத விரும்புகிறவர்கள் பக்கத்தின் ஓரத்தில் ஒவ்வொரு வரிக்கும் எது அசைகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு ஸ்டாப்வாட்ச் வைத்து உரக்கப் படியுங்கள். படத்தில் தெரிவதையே குரலும் சொன்னால் குரலை வெட்டுங்கள். ஒரு காட்சியில் மூன்று பாத்திரம் ஒரே நேரத்தில் அசைந்தால் இரண்டைக் கேட்கவிடுங்கள். கேட்கிறவர் கண் சிமிட்டினாலே போதும், அதற்கு நாலைந்து ஃபிரேம்தான்.