டி.எம்.எஸ். சிகிச்சை: முதல் நாள் அளவெடுப்பைச் சாதாரணமாக விடாதீர்கள்

மனச்சோர்வுக்கு டி.எம்.எஸ். எனும் காந்தத் தூண்டல் சிகிச்சை என்றதும் எல்லோரும் கேட்பது, "ஷாக் கொடுப்பார்களா?" ஷாக்கும் இல்லை, மயக்க மருந்தும் இல்லை. விழித்தபடி உட்கார்ந்திருந்துவிட்டு எழுந்து வேலைக்குப் போகலாம். கேட்க வேண்டியது வேறு: த்ரெஷோல்டு, அதாவது என் மூளையைத் தூண்டத் தேவையான குறைந்தபட்ச சக்தியை எப்படி அளப்பீர்கள், தலையில் காயில் (காந்தப்புலம் எழுப்பும் கம்பிச்சுருள்) வைக்கும் இடத்தை எப்படிக் குறிப்பீர்கள்?

எட்டு வடிவக் காயிலில் மின்சாரம் கண நேரம் பாய்ந்து அடங்கும்போது 1.5 முதல் 2 டெஸ்லா வரை காந்தப்புலம் எழும். மண்டையோடு அதைத் தடுக்காது. புலம் சட்டென்று மாறுவதால் மூளையின் மேற்பரப்பில் சிறு மின்னோட்டம் உண்டாகி நரம்பணுக்களைத் தூண்டுகிறது. எட்டுவது 2, 3 செ.மீ. ஆழம்தான். மனச்சோர்வோடு தொடர்புள்ள, மூளையின் சிங்குலேட் எனும் பகுதி அதைவிட ஆழத்தில் இருக்கிறது; அதனால்தான் அதோடு இணைப்புள்ள இடது நெற்றிப் பகுதியைத் தூண்டுகிறார்கள்.

இனி அளவெடுப்பு. காயிலைத் தலையின் இடப்பக்கத்தில் நகர்த்தி, வலது கட்டைவிரல் துடிக்கும் புள்ளியைத் தேடுவார்கள். பிறகு சக்தியைக் குறைத்துக்கொண்டே வந்து, 10 காந்தத் துடிப்பில் 5 முறையாவது விரல் அசையும் மிகக் குறைந்த அளவைக் கண்டுபிடிப்பார்கள். அதுதான் த்ரெஷோல்டு, சிகிச்சை வழக்கமாக அதன் 120 சதவீதத்தில் நடக்கும். அப்போது கையைத் தளர்த்தி மடியில் போட்டுவிடுங்கள். பதற்றத்தில் விரல்களை இறுக்கினால் த்ரெஷோல்டு உள்ளதைவிடக் குறைவாகக் காட்டும், அப்புறம் வாரக்கணக்கில் போதாத அளவுதான் கிடைக்கும். நடுவில் மருந்து மாறினாலும் மறுபடி அளக்கச் சொல்லுங்கள். வலிப்பு மருந்துகளும் தூக்க மாத்திரைகளும் கணக்கை மாற்றக்கூடியவை.

விரல் புள்ளியிலிருந்து 5 செ.மீ. முன்னால் நகர்த்தி வைப்பது பழைய முறை. பெரிய தலைக்கு அது பின்னாலேயே நின்றுவிடும். டேப்பால் மூக்கின் வேரிலிருந்து பிடரி எலும்பு வரை, காதிலிருந்து காது வரை, தலைச் சுற்றளவு என மூன்றும் எடுத்துக் குறிக்கும் முறை நம்பகமானது. எம்.ஆர்.ஐ. படத்தை வைத்துக் குறித்தால் இன்னும் நல்லது.

ஒரு அமர்வு: 10 ஹெர்ட்ஸில் (விநாடிக்கு 10 துடிப்பு) 4 விநாடி தூண்டல், 26 விநாடி ஓய்வு. 3000 துடிப்பு முடிய 37 நிமிடத்துக்கு மேல் ஆகும். துடிப்புகளைக் கொத்துக் கொத்தாகக் கொடுக்கும் தீட்டா பர்ஸ்ட் முறையில் 600 துடிப்பு, சுமார் 3 நிமிடம். 2018இல் வெளிவந்த பெரிய ஆய்வு ஒன்றில் அது 37 நிமிட முறைக்குச் சளைக்கவில்லை. வாரத்துக்கு 5 நாள், 4 முதல் 6 வாரம்.

முதல் வாரம் மரங்கொத்தி கொத்துவதுபோல காயில் படும் இடத்தில் தலைத்தோல் வலிக்கும், கண்ணிமையும் தாடையும் துடிக்கும். பல்லைக் கடித்துக்கொண்டு தாங்க வேண்டாம். காயிலின் கோணத்தைக் கொஞ்சம் திருப்பலாம், குறைந்த சக்தியில் தொடங்கிப் படிப்படியாக ஏற்றலாம். காதடைப்பான் கட்டாயம், அந்த 'டக் டக்' சத்தம் காதைக் கெடுக்கும்.

அதிகம் கெடுவது நாற்காலியில்தான். தூக்கம் வந்து தலை சரிந்தால் காயிலுக்கும் தலைக்கும் இடையே இடைவெளி விழும். சில மில்லிமீட்டரிலேயே புலம் வெகுவாகக் குறைந்துவிடும். வழக்கமான கொத்தல் திடீரென்று லேசானால் சந்தோஷப்படாமல் டெக்னீஷியனைக் கூப்பிடுங்கள்.

காதுக்குள் வைத்த காக்ளியர் கருவியோ, மூளை ரத்தக்குழாயில் போட்ட உலோகக் கிளிப்போ இருந்தால் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். பல் அடைப்பு பரவாயில்லை. வலிப்பு வருவது மிக அரிது. ஆனால் முந்தைய இரவு தூங்காமலோ குடித்துவிட்டோ வந்தால் அபாயம் கூடும். அன்றைக்குச் சொல்லித் தள்ளிப்போடுவதே மேல்.

பலருக்கும் மூன்று, நான்கு வாரம் கழித்துத்தான் மாற்றம் தெரியும். 10 அமர்வில் ஒன்றும் ஆகவில்லை என்று நிறுத்துவது அவசரம். முடிந்ததும் த்ரெஷோல்டு சதவீதம் (கருவியின் உச்ச சக்தியில் எத்தனை சதவீதம் என்பது), தலை அளவுகள், கருவியின் மாடல் ஆகியவற்றை எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். சோர்வு திரும்பினால் மறுபடி எடுக்கலாம், முன்பு பலன் கண்டவர்களுக்குப் பெரும்பாலும் மீண்டும் கேட்கும். ஒரு கருவியின் 50 சதவீதம் இன்னொன்றின் 50 சதவீதம் ஆகாது என்பதால் மாடல் பெயரைக் கேட்க மறந்துவிடாதீர்கள்.